உருளைக்கிழங்கு க்னிஷ்: வீட்டிலேயே செய்யும் முறை

க்னிஷ், கிழக்கு ஐரோப்பாவின் அஷ்கெனாசி யூதர் வீடுகளில் பிறந்த பலகாரம். மசித்த உருளைக்கிழங்கையும் பழுப்பேற வதக்கிய வெங்காயத்தையும் மெல்லிய மாவுத் தாளில் வைத்துச் சுருட்டி, உள்ளங்கை அளவுக்குத் துண்டு போட்டு, ‘அவன்’ அடுப்பில் சுட்டெடுப்பார்கள். 19ஆம் நூற்றாண்டில் உக்ரைன், போலந்து, லிதுவேனியா பக்கம் உருளைக்கிழங்குதான் ஏழை வீடுகளின் அன்றாடச் சாப்பாடு. 1881க்குப் பிறகு ரஷ்யப் பேரரசை விட்டு யூதர்கள் லட்சக்கணக்கில் அமெரிக்காவுக்குக் கப்பலேறினார்கள்; க்னிஷும் அவர்களோடு நியூயார்க் போய்ச் சேர்ந்தது. அங்கே லோயர் ஈஸ்ட் சைடு பகுதியின் தள்ளுவண்டிகளில் சுடச்சுட விற்றது. 1916இல் ரிவிங்டன் தெருவில் எதிரெதிரே இருந்த இரண்டு க்னிஷ் கடைகள் போட்டி போட்டுக்கொண்டு 5 சென்ட் விலையை 3 சென்டுக்கு இறக்கியதை நியூயார்க் டைம்ஸ் செய்தியாகவே வெளியிட்டது. ஹூஸ்டன் தெருவில் 1910இல் திறந்த யோனா ஷிம்மல் கடை நூறாண்டைத் தாண்டியும் அதே பலகாரத்தை விற்றுவந்தது.

இங்கே சொல்லப்போவது அந்தச் சுட்ட, உருண்டை வகை. நியூயார்க்கின் கோனி ஐலண்ட் கடற்கரையோடு சேர்த்துச் சொல்லப்படும் சதுர வகை வேறு. அது கெட்டியான மாவில் செய்து எண்ணெயில் பொரிப்பது. 1921இல் தொடங்கிய கபிலா நிறுவனம் அதைத் தொழிற்சாலையில் செய்து பரப்பியது. வீட்டில் முதன்முறை செய்பவர்களுக்குச் சுட்ட வகைதான் ஏற்றது.

செய்முறையில் பெரிய வித்தை ஒன்றும் இல்லை. பூரணம் உலர்ந்திருக்க வேண்டும், மாவு மெலிந்திருக்க வேண்டும். ஒரு க்னிஷ் சரியாக வரவில்லை என்றால் பத்தில் ஒன்பது முறை இந்த இரண்டில் ஒன்றுதான் காரணம். கீழே உள்ள அளவுகளும் நேரங்களும் இந்த இரண்டையும் காப்பாற்றத்தான்.

தேவையானவை (12 க்னிஷ்)

மாவுக்கு: மைதா 250 கிராம், பேக்கிங் பவுடர் முக்கால் டீஸ்பூன், உப்பு அரை டீஸ்பூன், முட்டை 1, எண்ணெய் 80 மி.லி., வெள்ளை வினிகர் 1 டீஸ்பூன், வெதுவெதுப்பான தண்ணீர் 80 முதல் 100 மி.லி.

பூரணத்துக்கு: உருளைக்கிழங்கு 1 கிலோ, பெரிய வெங்காயம் 500 கிராம், எண்ணெய் 5 டேபிள்ஸ்பூன், உப்பு 2 டீஸ்பூன், கரகரப்பாகப் பொடித்த மிளகு ஒன்றரை டீஸ்பூன்.

மேலே தடவ: ஒரு முட்டையின் மஞ்சள் கரு, 1 டீஸ்பூன் தண்ணீர். மாவுத் தாளில் தடவ இன்னும் 2 டேபிள்ஸ்பூன் எண்ணெய்.

எல்லாம் முடிய மூன்று மணி நேரம் ஆகும். அதில் பாதிக்கு மேல் காத்திருக்கும் நேரம். முதலில் மாவைப் பிசைந்து மூடி வைத்துவிட்டு, அது ஊறும் நேரத்தில் வெங்காயத்தையும் கிழங்கையும் பக்கத்துப் பக்கத்து அடுப்பில் ஏற்றினால் ஒன்றுக்காக இன்னொன்று காத்திருக்காது.

எண்ணெயும் கோஷர் விதியும்

கோஷர் எனப்படும் யூத உணவு விதியில் இறைச்சியும் பாலும் ஒரே சாப்பாட்டில் சேரக் கூடாது. இறைச்சி சாப்பிட்ட பிறகு பால் பொருளைத் தொட, வழக்கத்தைப் பொறுத்து 6 மணி நேரம் வரைகூடக் காத்திருப்பார்கள். இந்த இரண்டிலும் சேராத காய், தானியம், முட்டை, தாவர எண்ணெய் எல்லாம் பார்வெ. அதாவது எதோடும் பரிமாறலாம். நெய்யோ வெண்ணெயோ கலக்காமல் எண்ணெயில் செய்த க்னிஷ் பார்வெ என்பதால், கோழி சூப்போடும் வைக்கலாம், பால் சேர்ந்த சாப்பாட்டோடும் வைக்கலாம். எண்ணெய் மாவு இத்தனை பரவியதில் இந்த வசதிக்கும் பங்கு உண்டு. ஆகவே ‘ருசிக்காக’ ஒரு ஸ்பூன் நெய் விடும் பழக்கத்தை இங்கே கொண்டுவர வேண்டாம். சூரியகாந்தி எண்ணெய் போன்ற வாசமில்லாத எண்ணெய் எடுங்கள். நல்லெண்ணெயும் தேங்காய் எண்ணெயும் வெங்காயத்தின் வாசனையை அமுக்கிவிடும்.

பழைய வீடுகளில் பூரணத்துக்கு எண்ணெய் கிடையாது, ஷ்மால்ட்ஸ்தான். ஷ்மால்ட்ஸ் என்பது உருக்கிய கோழிக் கொழுப்பு. பன்றிக் கொழுப்புக்குத் தடை, வெண்ணெய்க்கு இறைச்சியோடு இடமில்லை என்றிருந்த சமையலறைகளில் கோழியும் வாத்தும்தான் கொழுப்புக்கு வழி. செய்து பார்க்க விரும்பினால் கறிக்கடையில் கோழித் தோலையும் மஞ்சள் கொழுப்பையும் கால் கிலோ கேட்டு வாங்குங்கள். பொடியாக நறுக்கி, 2 டேபிள்ஸ்பூன் தண்ணீர் விட்டு, மிகச் சிறு தீயில் முக்கால் மணி நேரம் உருக்குங்கள். தண்ணீர் வற்றியதும் கொழுப்பு தெளிந்து பொன்னிறமாகும். அப்போது ஒரு வெங்காயத்தை நறுக்கிப் போட்டு, அது சிவந்ததும் வடிகட்ட வேண்டும். சல்லடையில் நிற்கும் மொறுமொறு தோல் துணுக்குக்கு க்ரிபெனஸ் என்று பெயர். அதையும் பூரணத்தில் கலக்கலாம், அருமையாக இருக்கும். ஷ்மால்ட்ஸ் சேர்த்த க்னிஷ் இறைச்சிக் கணக்கில் போகும். அதோடு தயிரோ சீஸோ வைக்கக் கூடாது.

ஒரு எச்சரிக்கை. பொருட்களைச் சரியாகப் போட்டதாலேயே பலகாரம் கோஷர் ஆகிவிடாது. பாத்திரம், அடுப்பு, பொருட்களின் கோஷர் சான்று முத்திரை எல்லாவற்றுக்கும் விதி உண்டு. கோஷர் கடைப்பிடிக்கும் விருந்தினருக்குச் செய்வதாக இருந்தால் முதலிலேயே அவரிடம் கேட்டுவிடுங்கள். பஸ்கா நாட்களில் கோதுமை மாவுப் பலகாரத்தையே தொடமாட்டார்கள், அந்த வாரத்தில் கொண்டுபோய்க் கொடுக்க வேண்டாம்.

மாவு

மைதா, பேக்கிங் பவுடர், உப்பு மூன்றையும் சலித்து நடுவில் குழி செய்யுங்கள். முட்டையை முதலில் ஒரு கிண்ணத்தில் உடைத்துப் பாருங்கள். ரத்தப் புள்ளி இருந்தால் யூத வீடுகளில் அதைக் கொட்டிவிடுவார்கள். அதோடு எண்ணெய், வினிகர், 80 மி.லி. தண்ணீர் சேர்த்து நன்றாக அடித்துக் குழியில் ஊற்றிப் பிசையத் தொடங்குங்கள். மிச்சத் தண்ணீரைக் கையில் வைத்துக்கொண்டு, மாவு சேர மறுத்தால் மட்டும் டீஸ்பூன் கணக்கில் விடுங்கள். ஒவ்வொரு கடை மைதாவும் ஒவ்வொரு அளவில் தண்ணீர் இழுக்கும்.

ஐந்து நிமிடம் பிசைந்தால் போதும். மாவு வழவழப்பாகவும், கையில் ஒட்டாமல், சப்பாத்தி மாவைவிடக் கொஞ்சம் நெகிழ்வாகவும் இருக்க வேண்டும். விரலால் அழுத்தினால் பள்ளம் மெல்ல மேலே வரும். எண்ணெய் லேசாகக் கசிந்தால் பயப்பட வேண்டாம், ஊறும்போது உள்ளே போய்விடும். இரண்டு சம பங்காக உருட்டி, எண்ணெய் தடவி, மூடி, குறைந்தது 1 மணி நேரம் வெளியிலேயே வைக்கவும். ஃபிரிட்ஜில் இரண்டு நாள் வரை இருக்கும், ஆனால் தேய்ப்பதற்கு ஒரு மணி நேரம் முன்னால் வெளியே எடுத்துவிட வேண்டும்.

இந்த ஒரு மணி நேரத்தைக் குறைக்கவே கூடாது. பிசையும்போது மைதாவின் குளூட்டன் முறுக்கேறுகிறது. உடனே தேய்த்தால் தாள் விரியும், கையை எடுத்ததும் சுருங்கிப் பழைய அளவுக்கே வந்து நிற்கும். நேரம் கொடுத்தால் அந்த முறுக்கு தளரும். வினிகரும் அதற்குத் துணை செய்கிறது. புளிப்பு நாக்குக்குத் தெரியாது. எலுமிச்சைச் சாறும் விடலாம். எண்ணெய், குளூட்டன் இழைகளைக் குட்டையாக்கி, சுட்ட பிறகு மாவு ரப்பராக இழுபடாமல் பார்த்துக்கொள்கிறது. அதனால் எண்ணெயைப் பாதியாகக் குறைத்துச் செய்ய நினைக்க வேண்டாம். கெட்டியான ஓடுதான் கிடைக்கும்.

முட்டை சாப்பிடாதவர்கள் முட்டைக்குப் பதில் 2 டேபிள்ஸ்பூன் தண்ணீரும் 1 டேபிள்ஸ்பூன் எண்ணெயும் கூடுதலாகச் சேர்க்கலாம். மாவு நன்றாகவே நீளும். நிறம் மட்டும் சற்று மங்கும்.

வெங்காயம்

க்னிஷின் ருசியில் முக்கால் பங்கு வெங்காயம். உருளைக்கிழங்குக்குத் தனி ருசி குறைவு, மாவுக்கு அதைவிடக் குறைவு. மசாலாவும் கிடையாது. எனவே வெங்காயத்துக்கு 40 நிமிடம் ஒதுக்கியே ஆக வேண்டும்.

பொடியாக நறுக்குங்கள். நீளமாக நறுக்கினால் சுருட்டும்போது நார் நாராக நீட்டிக்கொண்டு மெல்லிய மாவைக் கிழிக்கும். அடி கனமான அகல வாணலியில் 5 டேபிள்ஸ்பூன் எண்ணெய் ஊற்றி, வெங்காயத்தோடு கால் டீஸ்பூன் உப்பு போட்டு, நடுத்தரத்துக்குக் குறைந்த தீயில் வையுங்கள். முதல் பத்து நிமிடத்தில் கண்ணாடியாகும், தண்ணீர் விடும். இருபதாவது நிமிடத்தில் வெளிர் பொன்னிறம். நம் குருமாவுக்கு இங்கே நிறுத்திவிடுவோம். க்னிஷுக்கு இங்கே நிறுத்தக் கூடாது. தண்ணீர் வற்றி, சலசலப்பு அடங்கி, எண்ணெய் பிரிந்து, வெங்காயம் கால் பங்கு அளவுக்குச் சுருங்கி, நல்ல பழுப்பு நிறம் வரும்போது இறக்க வேண்டும். ஓரங்களில் அங்கங்கே மொறுமொறுப்பு இருந்தால் இன்னும் நல்லது. கடைசி பத்து நிமிடம் வாணலியை விட்டு நகராதீர்கள். அடியில் ஒட்டினால் ஒரு டேபிள்ஸ்பூன் தண்ணீர் தெளித்துச் சுரண்டினால் அந்தப் பழுப்பும் வெங்காயத்திலேயே சேரும்.

சீக்கிரம் நிறம் வர சர்க்கரை போடுவது, சோடா உப்பு போடுவது இரண்டும் வேண்டாம். சர்க்கரை போட்டால் பூரணம் இனிக்கும். சோடா போட்டால் வெங்காயம் கூழாகி ஈரத்தைப் பிடித்துக்கொள்ளும். கருகிவிட்டால் மீட்க வழியில்லை, கசப்பு முழுப் பூரணத்துக்கும் ஏறும். கொட்டிவிட்டு வேறு வெங்காயம் நறுக்குங்கள்.

கிழங்கு

அமெரிக்காவில் இதற்கு ரஸட் வகையைத் தேடி வாங்குவார்கள், வெந்தால் மாவு மாவாக உதிரும் என்பதால். நம் கடையில் பெயர் பார்த்து வாங்குவது கஷ்டம். தோல் மெலிந்து, நகத்தால் கீறினாலே உரியும் புதுக்கிழங்கு வேண்டாம், அதில் தண்ணீர் அதிகம். தோல் தடித்து முற்றிய கிழங்காகப் பாருங்கள். சந்தேகம் இருந்தால் ஒரு சோதனை உண்டு. 11 பங்கு தண்ணீரில் 1 பங்கு உப்பைக் கரைத்து அதில் கிழங்கைப் போடுங்கள். மாவுச்சத்து அதிகமுள்ளது மூழ்கும், பிசுக்குத்தன்மை உள்ளது மிதக்கும். மூழ்குவதை எடுத்துக்கொள்ளுங்கள். ஃபிரிட்ஜில் வைத்த கிழங்கும் உதவாது. குளிரில் அதன் மாவுச்சத்து சர்க்கரையாக மாறிப் பூரணம் தித்திக்கும்.

கிழங்கைத் தோலோடு முழுசாக வேகவையுங்கள். வெட்டி வேகவைத்தால் வெட்டிய பக்கமெல்லாம் தண்ணீர் குடிக்கும். குக்கரில் வைப்பவர்கள் தண்ணீரில் மூழ்க வைக்காமல், அடியில் ஒரு தம்ளர் தண்ணீர் விட்டு, மேலே துளைத் தட்டில் கிழங்கை அடுக்கி ஆவியில் வேகவிடலாம். கத்தி தடையில்லாமல் உள்ளே போக வேண்டும், ஆனால் தோல் வெடித்துப் பிளக்கக் கூடாது.

சூடாக இருக்கும்போதே துணியால் பிடித்துத் தோலுரித்து, நான்காக உடைத்து, காய்ந்த வாணலியில் சிறு தீயில் இரண்டு மூன்று நிமிடம் புரட்டுங்கள். ஆவி வெளியேறுவது கண்ணுக்குத் தெரியும். ஓரங்களில் வெள்ளைப் பொடி பூத்தாற்போல் ஆனதும் நிறுத்துங்கள். பலரும் விட்டுவிடும் வேலை இது. இந்த மூன்று நிமிடம் பின்னால் பல தொல்லைகளைத் தவிர்க்கும்.

மசிப்பதற்கு மிக்ஸி கூடவே கூடாது. பிளேடு கிழங்கின் செல்களை உடைத்து மாவுச்சத்தை வெளியே இழுத்துவிடும், இரண்டு நிமிடத்தில் பசை தயார். மர மத்தால் மசிக்கலாம். அதைவிட நல்ல வழி முறுக்கு உரல். பெரிய கண் உள்ள தட்டைப் போட்டு, சூடான கிழங்கை நிரப்பிப் பிழிந்தால் கட்டியே இல்லாமல் பொலபொலவென்று விழும். மேற்கத்திய சமையலறைகளில் உருளைக்கிழங்குக்கென்றே வைத்திருக்கும் அழுத்து கருவியும் இதே வேலையைத்தான் செய்கிறது. கட்டி இருக்கக் கூடாது என்பது வெறும் அழகுக்காக இல்லை. ஒரு கடலை அளவு கட்டிகூட மாவுத் தாளை உள்ளிருந்து கிழித்துவிடும்.

மசித்த கிழங்கில் வெங்காயத்தை வாணலியில் உள்ள எண்ணெயோடு கொட்டி, மிச்ச உப்பும் மிளகும் தூவி, கரண்டியால் புரட்டிப் புரட்டிக் கலக்கவும். பிசைய வேண்டாம். ருசி பாருங்கள். தனியாகச் சாப்பிடும்போது உப்பு சற்றே தூக்கலாக இருந்தால்தான் மாவோடு சேரும்போது சரியாக இருக்கும். மிளகும் மூக்கில் ஏறும் அளவுக்கு வேண்டும். மஞ்சள், பச்சை மிளகாய், கொத்தமல்லி சேர்க்கக் கை துறுதுறுக்கும். சேர்த்தால் அது சமோசா பூரணம். நல்ல பலகாரம்தான், ஆனால் க்னிஷ் இல்லை. பால், தயிர், சீஸ் எதையும் இளக்குவதற்காகச் சேர்க்காதீர்கள்.

பூரணத்தைத் தட்டில் பரப்பி முழுக்க ஆறவிடுங்கள். சூட்டோடு வைத்தால் மாவு இளகி, தாள் தொட்ட இடமெல்லாம் கிழியும். ஆறியதும் ஒரு பிடி எடுத்துக் கொழுக்கட்டை பிடியுங்கள். பிடித்த வடிவம் அப்படியே நின்று, உள்ளங்கை ஈரமாகாமல் இருந்தால் பூரணம் தயார். கையில் ஒட்டினால் வாணலியில் திரும்பக் கொட்டி இரண்டு நிமிடம் வறட்டுங்கள். ஈரத்தை உறிஞ்ச ரொட்டித்தூள் சேர்ப்பவர்களும் உண்டு. அவசரத்துக்கு உதவும், ஆனால் பூரணம் கனத்துப் போகும்.

தேய்ப்பதும் இழுப்பதும்

மேஜையில் பழைய வேட்டித் துணியோ பருத்தித் துண்டோ விரித்து மைதாவைத் தூவித் தடவுங்கள். ஒரு மாவு உருண்டையை வைத்துச் செவ்வகமாகத் தேய்க்கத் தொடங்குங்கள். 30 செ.மீ. நீளம் வரை பூரிக்கட்டை போதும். அதற்குமேல் கைதான். இரண்டு கைகளின் பின்புறத்தையும் மாவுக்கு அடியில் நுழைத்து, நடுவிலிருந்து வெளிப்பக்கமாக மெல்ல நகர்த்தி இழுங்கள். மோதிரத்தைக் கழற்றிவிடுங்கள். உள்ளங்கையால் இழுத்தால் நகம் பட்டுக் கிழியும். தாள் சுமார் 45 செ.மீ. நீளமும் 35 செ.மீ. அகலமும் வர வேண்டும். கனம் ஒன்றரை மில்லிமீட்டருக்கு மேல் போகக் கூடாது. தடித்து நிற்கும் ஓரங்களைக் கத்தியால் அரிந்துவிடுங்கள்.

சுருங்கிச் சுருங்கி வந்தால் சண்டை போட வேண்டாம். மூடிவிட்டுப் பத்து நிமிடம் கழித்து வாருங்கள். சிறிய ஓட்டை விழுந்தால் அரிந்த ஓரத்திலிருந்து ஒரு துண்டைக் கிள்ளி ஒட்டலாம். சுருட்டும்போது அடுத்த அடுக்கு அதை மூடிவிடும்.

பூரணத்தில் பாதியை, நீளமான ஓரத்திலிருந்து 3 செ.மீ. விட்டு, 4 செ.மீ. பருமனுள்ள உருளையாக ஓரத்தோடு ஓரமாகப் பிடித்து வையுங்கள். இடைவெளி இல்லாமல் நெருக்கிப் பிடிக்க வேண்டும், உள்ளே காற்று நின்றால் அவனில் அந்த இடம்தான் முதலில் வெடிக்கும். மிச்சத் தாளில் எண்ணெயை லேசாகத் தடவுங்கள். அடுக்குகள் ஒன்றோடொன்று ஒட்டிக் களியாகாமல் தனித்தனியாக நிற்க இதுதான் காரணம். துணியின் ஓரத்தைத் தூக்கினால் தாள் தானாகவே பூரணத்தின் மேல் புரளும். இரண்டு சுற்று வந்ததும் நிறுத்தி, கூடுதல் தாளை அரிந்து, விளிம்பை அடியில் வருமாறு திருப்புங்கள். மூன்று நான்கு சுற்று போனால் உள் அடுக்குகள் வேகாமல் பச்சை மாவாக நிற்கும்.

பிரிப்பது

கத்தியை எடுத்து நறுக்கென்று வெட்டினால் பூரணம் இரு பக்கமும் திறந்து நிற்கும். அதனால் நியூயார்க் க்னிஷ்காரர்களின் வழியைப் பின்பற்றலாம். கையில் மாவைத் தடவிக்கொண்டு, சுண்டுவிரல் பக்க விளிம்பால் உருளையின் மேல் 7 செ.மீ.க்கு ஒரு அழுத்து. முன்னும் பின்னும் அறுப்பதுபோல் அசைத்தால் பூரணம் இரு பக்கமும் ஒதுங்கி, மேல் தாளும் கீழ்த் தாளும் ஒட்டிக்கொள்ளும். அந்தக் கழுத்தை ஒரு முறை முறுக்கி, முறுக்கிய இடத்தில் கத்தியால் வெட்டுங்கள். ஒரு உருளைக்கு ஆறு துண்டு வரும்.

ஒவ்வொரு துண்டையும் நிமிர்த்தி வையுங்கள். அடிவாயைக் கிள்ளி இறுக்கமாக மூடவும். மேல்வாயில் உள்ள மாவை உள்பக்கமாக மடித்து, கட்டைவிரலால் நடுவில் ஒரு குழி அழுத்துங்கள். மேல்வாய் முழுதாக மூட வேண்டிய அவசியம் இல்லை. ஒரு ரூபாய் நாணயம் அளவு பூரணம் வெளியே தெரிந்தால் நல்லது. ஆவிக்கு அதுதான் வழி, அந்த இடம் சிவந்து மொறுமொறுப்பாகவும் ஆகும். பிறகு உள்ளங்கையால் லேசாக அமுக்கினால் உயரம் மூன்றரை செ.மீ., அகலம் ஏழு செ.மீ. என்று குந்தி உட்காரும். அமுக்காவிட்டால் சுடும்போது சாய்ந்துவிடும்.

சுடுவது

அவனை 190 டிகிரிக்குப் பதினைந்து நிமிடம் முன்னதாகவே சூடேற்றுங்கள். விசிறி ஓடும் வகையாக இருந்தால் 175 போதும். ஓடிஜியில் மேல் கம்பி, கீழ்க் கம்பி இரண்டும் எரிய வேண்டும், தட்டு நடு அடுக்கில். தட்டில் பேக்கிங் தாள் விரித்து, க்னிஷ்களுக்கிடையே இரண்டு விரல் இடைவெளி விட்டு அடுக்குங்கள். நெருக்கினால் பக்கங்கள் ஒன்றின் ஆவியில் ஒன்று வெந்து வெளுத்துக் கிடக்கும். மஞ்சள் கருவைத் தண்ணீரோடு கலந்து மேலேயும் பக்கங்களிலும் தடவவும். முட்டை வேண்டாதவர்கள் எண்ணெய் தடவலாம்.

40 முதல் 45 நிமிடம். பாதி நேரத்தில் தட்டைத் திருப்பி வைக்கவும். மேல் நிறத்தை நம்பி எடுத்துவிடாதீர்கள். முட்டை பூசிய மேற்பரப்பு அரை மணி நேரத்திலேயே பளபளக்கும், அடி அப்போதும் வெளுப்பாகவே இருக்கும். ஒன்றைத் தூக்கிப் பாருங்கள். அடி பழுப்பாகி, நகத்தால் தட்டினால் டொக்கென்று சத்தம் வர வேண்டும். எடுத்ததும் கம்பி வலைக்கு மாற்றிப் பத்து நிமிடம் ஆறவிடுங்கள். தட்டிலேயே விட்டால் அடி வியர்த்து நமுத்துப்போகும்.

எங்கே தவறுகிறது

பக்கவாட்டில் வெடித்துப் பூரணம் வழிந்தால் மூன்றைப் பாருங்கள்: பூரணத்தில் ஈரம், உள்ளே காற்று, முழுக்க மூடிய மேல்வாய். அதே தட்டில் ஒன்றிரண்டு மட்டும் வெடித்திருந்தால் காற்று, எல்லாமே வெடித்திருந்தால் ஈரம் என்று முடிவு செய்யலாம்.

அடி நமுத்திருந்தால் அவன் போதிய சூடேறுவதற்குள் தட்டை வைத்திருப்பீர்கள். அல்லது ஓடிஜியின் கீழ்க் கம்பி பலவீனமாக இருக்கும். அப்படியானால் கடைசிப் பத்து நிமிடம் தட்டைக் கீழ் அடுக்குக்கு இறக்குங்கள்.

மாவு ஓடு கல்லாக இருந்தால் தேய்க்கும்போது தூவிய மைதா அதிகம், அல்லது தாள் தடிமன். பூரணம் வாயில் பசையாக ஒட்டினால் கிழங்கை அளவுக்கு மீறி மசித்திருக்கிறீர்கள். அதைத் திருத்த முடியாது. சப்பென்று இருந்தால் வெங்காயத்தைப் பாதியில் இறக்கியிருப்பீர்கள். அதற்கு உப்பைக் கூட்டிப் பயனில்லை.

இந்த மாவை எண்ணெயில் பொரிக்கலாமா என்ற கேள்வி வரும். வேண்டாம். மேல்வாய் திறந்திருப்பதால் எண்ணெய் பூரணத்தில் இறங்கும், அடுக்குகளும் பிரிந்து போகும்.

வேறு பூரணங்கள்

உருளைக்கிழங்குக்கு அடுத்து அதிகம் செய்வது காஷா, அதாவது வறுத்த பக்வீட். ஒரு கப் காஷாவை இரண்டு கப் உப்புத் தண்ணீரில் உதிரியாக வேகவைத்து, அதே பழுப்பு வெங்காயத்தைக் கலந்தால் போதும். முட்டைக்கோஸும் வைப்பார்கள். பொடியாக அரிந்து, உப்புப் பிசறி, பிழிந்து, வெங்காயத்தோடு நன்றாக வதக்க வேண்டும். இனிப்பில்லாத பன்னீர் போன்ற சீஸ் வைத்தும் உண்டு, அது பால் வகையில் சேரும். எதை வைத்தாலும் கொழுக்கட்டை பிடித்துப் பார்க்கும் சோதனை ஒன்றுதான்.

பரிமாறுவதும் சேமிப்பதும்

‘டெலி’ எனப்படும் நியூயார்க் உணவுக் கடைகளில் க்னிஷைக் குறுக்கே பிளந்து, காரமான பழுப்புக் கடுகு விழுதைத் தடவித் தருவார்கள். பக்கத்தில் உப்பு நீரில் ஊறிய வெள்ளரி ஊறுகாய். கடையில் கிடைக்கும் மஞ்சள் கடுகு சாஸ் வெறும் புளிப்பு, அதைவிட டிஜான் வகைக் கடுகு விழுது நன்றாகச் சேரும். தக்காளி கெச்சப்பின் இனிப்பு, வெங்காயத்தின் இனிப்போடு மோதும்.

சுட்ட க்னிஷை இரண்டு மணி நேரத்துக்கு மேல் வெளியில் வைக்க வேண்டாம், மசித்த கிழங்கு சீக்கிரம் கெடும். ஃபிரிட்ஜில் மூன்று நாள் நிற்கும். முழுக்க ஆறவைத்து, ஒன்றோடொன்று ஒட்டாமல் தட்டில் அடுக்கி உறையவிட்டு, பிறகு பையில் போட்டால் ஃப்ரீசரில் இரண்டு மாதம் தாங்கும். உறைந்ததை இளக்காமல் அப்படியே 180 டிகிரி அவனில் 25 முதல் 30 நிமிடம் வைக்கவும். ஃபிரிட்ஜிலிருந்து எடுத்ததற்கு 15 நிமிடம் போதும். மைக்ரோவேவில் சூடாக்கினால் மாவு தோல்போல் இழுபடும். அவன் இல்லாத நேரத்தில் மூடி போட்ட தோசைக்கல்லில், சிறு தீயில், எண்ணெய் விடாமல் ஒவ்வொரு பக்கமும் ஐந்து நிமிடம் வைத்து எடுக்கலாம். கடைசி ஒரு நிமிடம் மூடியை எடுத்துவிட்டால் அடி திரும்ப மொறுமொறுப்பாகும்.